ஒருக்காத்தான் பாடுவா

அக்கா பாடி முடித்த பிறகு அவரிடம் "இன்னொருக்கா" என்று கேட்ட பலரை நான் பார்த்திருக்கிறேன். எங்கள் வேலைத்தலத்து மேற்பார்வையாளர் கேட்டிருக்கிறார். கல்யாண வீட்டு வீடியோக்காரர் கேட்டிருக்கிறார். ஒருமுறை ஸ்காபரோவில், தேர்தலில் நின்ற ஒருவர் மேடைக்கே ஏறிவந்து, ஒலிவாங்கியைத் தன் கையில் பிடுங்கிக்கொண்டு கேட்டார். எல்லாருக்கும் அக்காவிடம் ஒரே பதில்தான். தோளில் கிடந்த சிவப்புச் சால்வையை எடுத்து மடித்தபடி, "முடிஞ்சுது" என்பார். அதில் கோபம் இருக்காது, கர்வமும் இருக்காது. பஸ் போய்விட்டது என்று யாருக்கோ தகவல் சொல்வதுபோல இருக்கும்.

நான் அவரை முதலில் பார்த்தது ரொறன்ரோவுக்குப் பக்கத்து மிசிசாகாவில், விமானங்களுக்குச் சாப்பாடு கட்டி அனுப்பும் ஒரு பெரிய சமையல்கூடத்தில். அக்கா தட்டு அடுக்கும் வரிசையில் நின்றார். நான் லொறி ஓட்டினேன். சாப்பாட்டு வண்டிகளை ஏற்றிக்கொண்டு விமானங்கள் நிற்கிற இடத்துக்குப் போய், லொறியின் பெட்டியை விமானக் கதவு உயரத்துக்குத் தூக்கி, வண்டிகளை உள்ளே தள்ளிவிடுகிற வேலை. அக்கா மன்னார்க்காரர். கணவர் இறந்து பல வருடம். மகன் மொன்றியலில். தனியாக, ரொறன்ரோ நகருக்குள் சென் ஜேம்ஸ் ரவுணில் ஓர் உயர்ந்த மாடிக் கட்டடத்தில் இருந்தார். அங்கிருந்து சப்வே எடுத்து, அதற்குமேல் பஸ்ஸும் மாறி வேலைக்கு வருவார்.

"ஏன் அக்கா நீங்கள் கார் எடுக்கேல்லை?" என்று ஒருநாள் கேட்டேன்.

கார் ஓட்டும் பரீட்சைக்கு அவர் ஒரு தரம் போயிருக்கிறார். பரீட்சித்தவர் பக்கத்தில் இருந்து எழுதிக்கொண்டே வந்துவிட்டு, இந்த முறை சரிவரவில்லை, இன்னொரு நாளைக்கு வாருங்கள் என்று சொல்லியிருக்கிறார். அக்கா அதற்குப் பிறகு அந்தப் பக்கம் போகவில்லை.

"என்ர ஓட்டம் அந்த மனுசனுக்குப் பிடிக்கேல்லை. அதுக்கு நான் என்ன செய்யிறது?" என்றார்.

எதையும் ஒரு தரம் செய்வார், ஒரு தரம் சொல்வார். என் மனைவி ஒருநாள் தொலைபேசியில் நண்டுக் குழம்பு வைக்கிற முறை கேட்டாள். அக்கா அழகாக, ஒன்றையும் ஒளிக்காமல் சொன்னார். வைத்துவிட்டுப் பார்த்தால் நடுவில் ஏதோ ஒன்று எழுத விடுபட்டிருந்தது. திரும்ப எடுத்துக் கேட்டாள். "சொன்னனான் பிள்ளை" என்றார் அக்கா. பிறகு எங்கள் மகன் எப்படி, பள்ளிக்கூடம் எப்படி என்று கனநேரம் அன்பாகக் கதைத்தார். நண்டைப் பற்றி ஒரு சொல் இல்லை. எங்கள் வீட்டு நண்டுக் குழம்பில் இன்றைக்கும் ஏதோ ஒன்று குறைகிறது.

இப்படிப்பட்டவர் ஸ்பானியப் பாட்டுக்குள் எப்படிப் போனார் என்று எல்லாரும் கேட்பார்கள். அது ஒரு பெரிய வெள்ளிக்கிழமை நடந்தது. அன்றைக்கும் விமானங்கள் பறக்கும், ஆட்கள் சாப்பிடுவார்கள், எங்களுக்கு விடுமுறை இல்லை. கோயிலுக்குப் போக முடியாத அக்கா, தட்டுகளை அடுக்கிக்கொண்டே பாடத் தொடங்கினார். மன்னார்ப் பக்கம் தவக்காலத்தில், ஆண்டவருடைய பாடுகளைப் பெண்கள் இழுத்து இழுத்துப் பாடுகிற ஒரு முறை உண்டு. அழுகைக்கும் பாட்டுக்கும் இடையில் நிற்கிற ஒன்று. அதைத்தான் அவர் வாய்க்குள் தொடங்கினார். கொஞ்ச நேரத்தில் அது வாய்க்குள் அடங்கவில்லை.

அடுத்த பகுதியில் ரமோன் ஒம்லெற் போட்டுக்கொண்டு நின்றார். ஸ்பெயினின் தெற்குக் கரையில் ஒரு மீன்பிடி ஊரிலிருந்து வந்தவர், அக்காவின் வயதுதான் இருக்கும். கிற்றார் வாசிப்பார் என்று எங்களுக்குத் தெரியும். பெரிதாக யாரும் கேட்டதில்லை. அவர் முட்டை புரட்டும் கரண்டியோடு அப்படியே நடந்து வந்து, இது எங்கள் ஊர்ப் பாட்டு என்று அரைகுறை ஆங்கிலத்தில் சொன்னார். பெரிய வெள்ளிக்கு ஆண்டவரின் சுரூபம் தெருவால் ஊர்வலம் போகும்போது, எங்கள் பெண்கள் மேல்மாடி முகப்பில் நின்று இப்படித்தான் பாடுவார்கள் என்றார்.

"இல்லை, இது எங்கட ஊர்" என்றார் அக்கா.

இரண்டு பேரும் அதே இடத்தில் நின்று சண்டை பிடித்தார்கள். அடுப்பில் முட்டை கருகிற்று. கடைசியில் ரமோன் கதைக்கிறதை விட்டுவிட்டு, இரும்பு மேசையில் விரல் முட்டிகளால் ஒரு தாளம் தட்டினார். அக்கா கேட்டுக்கொண்டு நின்றார். பிறகு அந்தத் தாளத்துக்குள் தன் குரலை இறக்கினார். லொறிக்கு வண்டி ஏற்ற வந்த நான், கையில் பிடித்த வண்டியோடு அப்படியே நின்றுவிட்டேன்.

"அவருக்கு என்ர மொழி தெரியாது. ஆனா என்ர பாட்டுத் தெரிஞ்சிருந்தது" என்று பின்னாளில் சொன்னார். தன் பாட்டைப் பற்றி அவர் கொடுத்த விளக்கம் அவ்வளவுதான்.

அவருடைய குரல் இனிமையான குரல் இல்லை. அதை அவரே சொல்வார். அடித்தொண்டையில் மணல் கிடப்பதுபோல ஒரு கரகரப்பு. மேலே போகப்போக அந்த மணலெல்லாம் காற்றில் பறந்து கண்ணில் விழுகிறமாதிரி இருக்கும். அவர் இருந்த இடத்துக்குப் பக்கத்துத் தேவாலயத்தில் பாடகர் குழுவை நடத்தியவர், மற்றவர்களோடு சேர்ந்து மெதுவாகப் பாடச் சொன்னாராம். "எனக்கு மெதுவாப் பாடத் தெரியாது ஐயா" என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிட்டார். பூசைக்கு மட்டும் ஒழுங்காகப் போவார். மற்றவர்கள் பாடும்போது வாயை மூடிக்கொண்டு நிற்பார்.

ரமோனின் ஊர்ப் பாட்டுக்குரிய ஃபிளமென்கோ என்ற பெயரை அவர் பிறகுதான் அறிந்தார். சாப்பாட்டு இடைவேளையில் இரண்டு பேரும் பாடிப் பழகி, சனி ஞாயிறில் ஸ்பானியர்கள் கூடுகிற ஒரு மண்டபத்தில் பாடினார்கள். அங்கே சிலர் இது ஃபிளமென்கோ இல்லை என்றார்கள். பிறகு தமிழ் மண்டபங்களில் பாடினார்கள். அங்கே சிலர் இது தமிழ்ப் பாட்டே இல்லை என்றார்கள். அக்கா இரண்டு பக்கமும் கேட்டுவிட்டு, அடுத்த சனிக்கிழமையும் பாடினார். ஒரு தமிழ் வானொலியில் பேட்டி எடுத்த பெண், "அன்ரி, இது என்ன வகைப் பாட்டு எண்டு நேயர்களுக்குச் சொல்லுவீங்களா?" என்று கேட்டாள்.

"சத்தம் கூடின வகை, பிள்ளை. எல்லாரையும் ரேடியோவைக் கொஞ்சம் குறைச்சு வைக்கச் சொல்லுங்கோ."

நான் அவர்களோடு சேர்ந்தது கைதட்டுவதற்கு. இதைச் சொன்னால் சிரிப்பார்கள். அந்தப் பாட்டுக்குக் கைதான் மேளம். உள்ளங்கையைக் குழித்துத் தட்டினால் மூடின சத்தம். விரல்களால் உள்ளங்கையில் அடித்தால் வெடிச் சத்தம். எங்கே எதைத் தட்டுவது என்பதில்தான் பாட்டு நிற்கிறது. சிறுவயதில் ஸ்காபரோவில், வோபர்ன் பக்கம் நான் கொஞ்சம் மிருதங்கம் படித்துக் கைவிட்டிருந்தேன். அக்காவுக்கு அது தெரியும். ஆனால் அவர்களுக்கு முன்னமே ஒரு கைதட்டுகிறவர் இருந்தார், சிலி நாட்டுக்காரர், மிக நன்றாகத் தட்டுவார். ஒரு நிகழ்ச்சிக்கு அவர் பிந்தி வந்தார். அக்கா ஒன்றும் ஏசவில்லை. அடுத்த நிகழ்ச்சிக்கு என்னைக் கூப்பிட்டார்.

"அவர் என்னைவிட நல்லாத் தட்டுவாரே அக்கா?"

"ஓம். ஆனா அவர் நிக்கேல்லையே."

அந்த மனிதர் மன்னிப்புக் கேட்க அக்காவின் வீட்டுக்கே போனார். அக்கா தேத்தண்ணி போட்டுக் கொடுத்து, ஊர்க்கதை கேட்டு, வாசல்வரை வந்து வழியனுப்பினார். மறுபடி தட்ட மட்டும் கூப்பிடவில்லை. எனக்கு அது சரியாகப் படவில்லை. சொல்லப் பயமாகவும் இருந்தது. அன்றிலிருந்து எந்த நிகழ்ச்சிக்கும் மண்டபம் திறக்கிறவர் வருவதற்கு முன்னமே நான் போய் வாசலில் நிற்பேன்.

ஒரு கல்யாண வரவேற்பில் அக்கா பாடியபோது, வீடியோ எடுக்கிறவர் சாப்பிடப் போயிருந்தார். பாட்டு முடிந்து எல்லாரும் கைதட்டுகிற சத்தத்தில் ஓடிவந்தார். மணப்பெண்ணின் தகப்பனார் அக்காவிடம் வந்து, "தங்கச்சி, வீடியோவிலை விழேல்லை. கோவிக்காமல் இன்னொருக்காப் பாடிவிடுங்கோ" என்றார்.

"இங்கை இருக்கிற ஆக்களுக்குக் கேட்டதுதானே அண்ணை?"

"கேட்டதுதான். ஆனா ஊரிலை இருக்கிற ஆக்கள் பாக்கவேணுமே."

"அவையையும் அடுத்த கல்யாணத்துக்குக் கூப்பிடுங்கோ. வாறன்."

தகப்பனாருக்கு முகம் சிவந்துவிட்டது. மணப்பெண் பக்கத்தில் நின்று சிரி சிரியென்று சிரித்தாள். அந்த நாளிலிருந்து எங்கே போனாலும் வீடியோக்காரரை முதலில் தேடிப்பிடித்து, "அண்ணை, ஒருக்காத்தான் பாடுவா. இப்பவே கமராவைப் போட்டு வையுங்கோ" என்று சொல்லிவைப்பது என் வேலையாகிவிட்டது.

கார்த்திக் வந்தது அந்தக் காலத்தில்தான். கோயம்புத்தூர்க்காரர், மிசிசாகாவில் கணினி வேலை. வீட்டு நிலவறையில் சின்னதாக ஒரு ஒலிப்பதிவுக் கூடம் வைத்திருந்தார். யாரோ அனுப்பிய துண்டு வீடியோ ஒன்றைப் பார்த்துவிட்டு எங்களைத் தேடி வந்தார். தை மாதக் குளிரில் போய்ப் பதிவு செய்தோம். அக்கா கண்ணை மூடிக்கொண்டு பாடினார். அது அவரே கட்டிய பாட்டு, அவருடைய பேச்சிலேயே இருக்கும்:

உப்புக் காத்து உள்ளங்கையிலை,
உன்ர பேரை எங்கை எழுத?

பாடி முடிந்ததும் கார்த்திக் காதிலிருந்த கருவியைக் கழற்றி மேசையில் வைத்தார். பிறகு, "அக்கா, சூப்பர். சேஃப்டிக்கு இன்னொரு டேக் போயிடலாமா?" என்றார்.

"ஏன், உது பழுதோ?"

"இல்லக்கா, நடுவுல ஃபர்னஸ் ஆன் ஆயிடுச்சு. அடியில 'கும்'முனு ஒரு சத்தம் ஓடுது."

"அது குளிருக்குப் பாடுது. இருக்கட்டும்" என்றுவிட்டு அக்கா சால்வையை மடிக்கத் தொடங்கினார்.

கார்த்திக் என்னைப் பார்த்தார். நான் தலையை ஆட்டினேன். வீட்டைச் சூடாக்குகிற அந்த இயந்திரத்தின் சத்தத்தோடுதான் அந்தப் பாட்டு வெளியே போயிற்று.

அந்த வருடம் ஒரு சர்வதேசப் பாட்டுப் போட்டி ரொறன்ரோவுக்கு வந்தது. வருடத்துக்கு ஒரு நாட்டில் நடப்பது. ஒரு நாட்டுக்கு ஒரு பாட்டு, மூன்று நிமிடத்துக்குள். குரலும் வாத்தியமும் அந்த இடத்திலேயே ஒலிக்கவேண்டும். பல நாடுகளில் தொலைக்காட்சியில் நேரடியாகப் போகும். கார்த்திக் அக்காவைக் கேட்டுக்கொண்டு அந்தப் பதிவை அனுப்பினார். பல சுற்றுகள் தாண்டிக் கனடாவின் பாட்டாக அதைத் தேர்ந்தெடுத்தார்கள். நடுவர்கள் எழுதிய குறிப்பில், அடியில் ஓடும் அந்த மர்மமான சுருதியைக் குறிப்பாகப் பாராட்டியிருந்தார்கள். கார்த்திக் அதை வாசித்துவிட்டு நிலத்தில் உட்கார்ந்து சிரித்தார். அக்கா சிரிக்கவில்லை. "நான் அப்பவே சொன்னனான்" என்றார்.

ஏரிக்கரைப் பக்கம் ஒரு பெரிய அரங்கு. ஒத்திகைக்குப் போனோம். கமராக்கள் எங்கே நிற்பது, விளக்கு எப்போது மாறுவது என்று பார்க்க, எல்லா நாட்டுக்காரரும் திரும்பத் திரும்பப் பாடிக் காட்டினார்கள். அக்கா எல்லாம் செய்தார். நடந்தார், கதிரையில் இருந்தார், எழுந்தார், கையை விரித்தார். வாயை மட்டும் திறக்கவில்லை. நிகழ்ச்சியை இயக்கியவர் தலையில் கை வைத்துக்கொண்டார். கார்த்திக் ஓடிப்போய் ஆங்கிலத்தில், அவர் குரலைப் பாதுகாக்கிறார் என்றார். அப்படிச் சொன்னதும் அவர்கள் மரியாதையாக விட்டுவிட்டார்கள்.

"என்ன சொன்னனீர்?" என்று அக்கா கேட்டார்.

"உங்க குரல் டயர்டா இருக்குன்னு சொன்னேன்க்கா."

"பொய் சொல்லாதையும். என்ர குரலுக்கு ஒண்டுமில்லை எண்டு போய்ச் சொல்லும்."

ஆனால் ஒலிப் பொறியாளருக்கு அவர் குரலின் உயரம் தெரியவேண்டுமே. அந்தப் பெடியன் வந்து கெஞ்சினான். அக்கா ஒலிவாங்கிக்கு முன்னால் போய் நின்று, தான் தினமும் போகிற சப்வே நிலையங்களை ஒவ்வொன்றாக உச்சக் குரலில் கூப்பிட்டார். "ஷேர்போர்ன்! புளோர் யங்! பே! சென் ஜோர்ஜ்!" அரங்கின் கடைசி வரிசையில் கூட்டிக்கொண்டிருந்தவர் துடைப்பத்தை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார். பொறியாளருக்குத் திருப்தி.

இறுதிப் போட்டி ஒரு ஞாயிறு பின்னேரம். கார்த்திக் கார் கொண்டுவருகிறேன் என்றார். அக்கா வேண்டாம் என்று, ரமோனும் நானும் பின்னால் வர, தெருத் தண்டவாளத்தில் ஓடும் ஸ்ட்ரீட்காரில் வந்தார். கறுப்பு நீளச் சட்டை, சிவப்புச் சால்வை, கொண்டையில் ஒரு பூ. முன்னால் இருந்த ஒரு தமிழ் ஐயா, "வெளிக்கிட்டு எங்கை தங்கச்சி போறியள்?" என்று கேட்டார். "பாடப் போறன்" என்றார் அக்கா. "எந்தக் கோயிலிலை?" என்றார் அவர். அக்கா அதை நல்ல கேள்வியாகவே எடுத்துக்கொண்டு, "பெரிய கோயில் ஐயா, கூரை உயரம்" என்றார்.

எங்கள் முறை வந்தது. இருட்டில் போய் உட்கார்ந்தோம். விளக்கு வந்தது. ரமோன் தொடங்கினார். அவருடைய விரல்கள் ஓடுவது தெரிகிறது, சத்தத்தைக் காணவில்லை. என் காதுதான் அடைத்துவிட்டது என்று நினைத்தேன். மேடையோரத்தில் இரண்டு பேர் குனிந்து ஓடினார்கள். கிற்றாரிலிருந்து போகிற இணைப்பு எங்கேயோ அறுந்திருந்தது. அந்தப் பெரிய அரங்கில் ஒரு கிற்றாரின் சொந்தச் சத்தம் என்னவாகும்? பக்கத்தில் இருந்த எனக்கே அது கொசு பறப்பதுபோலத்தான் கேட்டது.

ரமோன் அக்காவைப் பார்த்தார். அக்கா இணைப்பையும் பார்க்கவில்லை, ஓடியவர்களையும் பார்க்கவில்லை. காலை ஒரு தரம் நிலத்தில் அடித்தார். நான் புரிந்துகொண்டு, உள்ளங்கையைக் குழித்துத் தாளத்தை எடுத்தேன். அக்கா பாடினார்.

அந்தப் பாட்டை நான் பல இடத்தில் விவரித்துப் பார்த்திருக்கிறேன், வருவதில்லை. அரங்கில் அவருடைய குரலும் என் கைகளும் அவருடைய கால்களும் தவிர ஒன்றுமில்லை. "உன்ர பேரை எங்கை எழுத" என்று மேலே போனபோது, தமிழ் தெரியாத ஒரு வெள்ளைக்கார அம்மா முன்வரிசையில் வாயைப் பொத்திக்கொண்டதைப் பார்த்தேன். முடிந்தபோது முழு அரங்கும் எழுந்து நின்றது. எங்கள் சனம் மேல் வரிசைகளில் நின்று கூவியது கேட்டது. இவ்வளவுக்கும் ரமோன் நிறுத்தவில்லை. யாருக்கும் கேட்காத கிற்றாரை, கடைசி நரம்புவரை, ஒன்றையும் விடாமல் வாசித்து முடித்தார்.

உள்ளே வந்ததும் கார்த்திக் எல்லாரையும் கட்டிப்பிடித்தார். "அக்கா, டாப் மூணு கன்ஃபர்ம்! ஏன், ஜெயிச்சாலும் ஜெயிப்போம்!" அப்போது போட்டியின் ஒருங்கிணைப்பாளர் வந்தார். பிழை தங்கள் பக்கம் என்று மன்னிப்புக் கேட்டார். எல்லா நாடுகளும் பாடி முடிந்தபின், விரும்பினால் நாங்கள் மறுபடி மேடையேறலாம். ஆனால் ஏறினால் முதலாவது கணக்கில் வராது, இரண்டாவதற்குத்தான் புள்ளி என்றார்.

நாங்கள் சிரித்தே விட்டோம். இன்னொரு தரம் பாடுவதா? அக்காவா? அவருடைய பழக்கமும் எங்கள் வெற்றியும் ஒரே பக்கத்தில் நின்ற ஒரே நாள் அது. "வேணாம்னு சொல்லிடறேன்க்கா" என்று கார்த்திக் எழுந்தார்.

அக்கா அவரைப் பார்க்கவில்லை. ரமோனைப் பார்த்துக்கொண்டிருந்தார். ரமோன் மூலையில் கிற்றாரை மடியில் வைத்துக்கொண்டு தொலைபேசியைப் பார்த்தபடி இருந்தார். அவருடைய ஊரில், ஒரு மதுக்கடையில் பெரிய திரை கட்டி, தெருச் சனம் முழுவதும் கூடியிருந்து பார்த்தது. அங்கிருந்து அவருடைய தம்பி செய்தி அனுப்பியிருந்தான்.

"என்னவாம்?" என்று அக்கா கேட்டார்.

ரமோன் ஆங்கிலத்தில் சொன்னார். சும்மா கையை ஆட்டுவதற்கா உன்னை மேடைக்குக் கூப்பிட்டார்கள் என்று கேட்கிறான். வாசிப்பதுபோல நடித்தேன் என்று எல்லாரும் நினைக்கிறார்கள். சொல்லிவிட்டு, பகிடிதான், பரவாயில்லை என்று சிரித்தார். சிரிப்பு பாதியில் நின்றது. பிள்ளையாய் இருந்த காலம்தொட்டு வாசிக்கிற மனிதர். அவ்வளவு பெரிய மேடை அவருக்கு அதுதான் முதல், அதன்பிறகு வரவும் வராது.

அக்கா எழுந்து சால்வையைத் தோளில் போட்டார். "நாங்கள் போறம் எண்டு சொல்லும்" என்றார் கார்த்திக்கிடம்.

"எங்க?"

"மேடைக்கு."

கார்த்திக்குக்கு விளங்க நேரம் எடுத்தது. "அக்கா, வேணாம்க்கா. ஹாலே எழுந்து நின்னுச்சு. அத அழிச்சிடுவாங்க. அதே மாதிரி திரும்பப் பாடினாலும் அந்த மொமென்ட் வராது."

"ஆர் பாடப்போறது? நான் பாடினது பாடினதுதான். உவர் வாசிச்சது இன்னும் ஒருத்தருக்கும் கேக்கேல்லை."

"பாடலைன்னா பாயின்ட்டே கிடைக்காதுக்கா! இது பாட்டுப் போட்டி!"

"கிடைக்காட்டி விடும்."

நானும் வாயைத் திறந்தேன். "அக்கா, ஒருக்கா யோசியுங்கோ. எங்கட சனம் எல்லாம் வந்திருக்குது."

"யோசிச்சிட்டன், தம்பி" என்றார். அவ்வளவுதான். ரமோன் வேண்டாம் வேண்டாம் என்று கையை விரித்தபடி ஏதோ சொல்லிக்கொண்டு வந்தார். அக்கா அவருடைய முழங்கையைப் பிடித்து நடத்திக்கொண்டு போனார். தொழிலாளர் இரண்டு பேர் கிற்றாரின் இணைப்பைப் புதிதாகப் போட்டு, தட்டித் தட்டிப் பார்த்தார்கள்.

மறுபடி விளக்கு வந்தபோது, அரங்கு எழுந்து கைதட்டிவிட்டு அடங்கியது. எல்லாரும் அந்தக் குரலுக்காகக் காத்திருந்தார்கள். அக்கா தன் கதிரையை எடுத்து மேடையின் நடுவிலிருந்து ஒரு பக்கமாக, என் கதிரைக்குப் பக்கத்தில் கொண்டுவந்து போட்டு உட்கார்ந்தார். நடுவில் ரமோன் மட்டும். "வாசி" என்று அக்கா தமிழில் சொன்னார்.

முதல் நரம்பு அரங்கு முழுக்க அதிர்ந்தது. ரமோன் தானே திடுக்கிட்டதுபோல ஒரு கணம் நின்றார். பிறகு கையை விட்டார். அந்த மனிதருக்குள் அவ்வளவு இருந்ததென்று, அத்தனை காலம் பக்கத்தில் இருந்து கைதட்டிய எனக்குத் தெரியாது. சில இடங்களில் கடல், சில இடங்களில் கண்ணாடி உடைகிற சத்தம். அக்கா என்னோடு சேர்ந்து தட்டினார். ஸ்பானியர்கள் நல்ல இடம் வந்தால் உற்சாகமாகக் கூவுவார்கள். அக்கா அந்த இடங்களில் "ஓம்!" என்றார். "ஓம் ராசா! அப்பிடித்தான்!" என்றார். அந்த மூன்று நிமிடத்தில் அவர் வாயிலிருந்து வந்தது அவ்வளவே. ரமோன் முடித்தபோது அக்காதான் முதலில் எழுந்து நின்றார்.

நாங்கள் கடைசி இடத்துக்கு வந்தோம். ஒவ்வொரு நாடாகப் புள்ளி சொல்லிக்கொண்டு வந்தார்கள், எங்கள் பெயர் வரவில்லை. பாடாதவருக்கு எப்படிப் புள்ளி போடுவது? ஸ்பெயின் நடுவர்கள்கூட, விதி விதிதான் என்று விட்டுவிட்டார்கள். அழுகிற முகம் கிடைக்கும் என்று கமராக்காரர் ஒருவர் எங்கள் மேசைக்கு முன்னால் வந்து முழங்காலில் நின்றார். அக்கா பன் ஒன்றைப் பிய்த்துச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். அவருக்கும் ஒரு துண்டு நீட்டினார். கார்த்திக் தலையைக் கவிழ்த்துக்கொண்டு இருந்தார். ரமோன் அங்கே இல்லை. வெளி நடையில் நின்று தொலைபேசியில் கத்திக் கத்திக் கதைத்துக்கொண்டிருந்தார். மறுபக்கத்தில் அந்த மதுக்கடை முழுவதும் கூச்சலிட்டது எனக்கே கேட்டது. தம்பிக்காரன் அழுகிறான் என்று சைகை காட்டினார்.

அந்த முதலாவது பாட்டை அரங்கிலிருந்த யாரோ கைபேசியில் பிடித்திருந்தார்கள். அது ஊர் உலகமெல்லாம் சுற்றியது. அதற்குப் பிறகு அக்காவுக்கு மண்டபங்கள் நிறைந்தன. சமையல்கூட வேலையை விட்டுவிட்டார். ரமோனும் விட்டார். மொன்றியல், வன்கூவர் என்று நாங்கள் மூன்று பேரும் போனோம். கார்த்திக் ஒரு மாதம் முகம் கொடுக்கவில்லை. பிறகு அவரே வந்து நிகழ்ச்சிகளை ஒழுங்குபடுத்தினார். போன இடமெல்லாம் சனம் "உப்புக் காத்து" கேட்டது. அக்கா அதை மட்டும் பாடவில்லை. புதுப் பாட்டுகள் கட்டிப் பாடினார். அதைக் கேட்க வந்து ஏமாந்தவர்களும் கடைசியில் எழுந்து நின்றார்கள்.

போன வருடம் அவர் மகனோடு இருக்கலாம் என்று மொன்றியலுக்குப் போனார். அங்கேயும் பாடுகிறார் என்று கேள்வி. போன அன்று ரயில் நிலையத்துக்கு நான்தான் ஏற்றிக்கொண்டு போனேன். வாசலில் நிறுத்தக்கூடாத இடத்தில் காரை நிறுத்திவிட்டு, பெட்டியை இறக்கிக்கொடுத்துவிட்டு, இத்தனை நாள் நெஞ்சுக்குள் கிடந்ததைக் கேட்டேன்.

"அக்கா, அண்டைக்கு ஏன் ரெண்டாந்தரம் மேடைக்குப் போனியள்? உங்களுக்கு அந்தப் பழக்கம் இல்லையே?"

அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார், நான் எண்ணத் தெரியாதவன் என்பதுபோல.

"ஆர் ரெண்டாந்தரம் போனது? நான் பாடினது ஒருக்கா. ரமோன் வாசிச்சது ஒருக்கா." பெட்டியின் கைப்பிடியை இழுத்து நிமிர்த்தினார். "பின்னாலை ஒருத்தன் ஹோர்ன் அடிக்கிறான். காரை எடும்."